திரை மாறிய கதை – 14: டி.சி.ஆர். இல்லாத கொட்டகை

சென்ற இதழில் ரீல் பெட்டி போய், டிஜிட்டலாகப் படம் காட்டும் க்யூப் சர்வர் வந்த கதையோடு நிறுத்தியிருந்தோம். பிலிம் போனது, லேப் போனது, பிரிண்ட் போனது. ஆனால் படம் ஓடிய இடம் மாறவில்லை. அதே தியேட்டர், அதே காலைக்காட்சி, அதே இடைவேளை முறுக்கு. அந்த இடமே கைவிட்டுப் போய்விடுமோ என்ற பயம், வீடியோ கேசட் காலத்துக்குப் பிறகு தமிழ் சினிமாவை மீண்டும் பிடித்தது 2012 டிசம்பரில்தான். 'விஸ்வரூபம்' படத்தைத் தியேட்டருக்கு வருவதற்கு முந்தைய நாளே டிடிஎச் வழியாக வீட்டுக்கு வீடு காட்டப்போகிறேன் என்று கமல்ஹாசன் அறிவித்தார்.

2013 ஜனவரி 10 டிடிஎச்சில், 11 தியேட்டரில் என்பது திட்டம். தமிழில் ஒருமுறை பார்க்கக் கட்டணம் 1,000 ரூபாய். அன்றைக்கு மல்டிபிளக்ஸில் அரசு வைத்திருந்த உச்சவரம்பே 120 ரூபாய்தான் என்பதை நினைவில் வைத்துக்கொண்டால், அந்த ஆயிரத்தின் கனம் புரியும். தியேட்டருக்கு வருவதை விட்டுவிட்டவர்கள், குழந்தைகளையும் வயதானவர்களையும் கிளப்பிக்கொண்டு வர முடியாதவர்கள், இவர்களிடமிருந்து வரும் பணம் கூடுதல் வருமானம். தியேட்டர் கூட்டம் வேறு கூட்டம். ஒன்றால் மற்றொன்று கெடாது. இதுவே அவர் தரப்பின் கணக்கு.

தியேட்டர்காரர்கள் கணக்கு வேறாக இருந்தது. ஒரு வீட்டில் ஆயிரம் ரூபாய் கட்டினால் பக்கத்து நான்கு வீடும் வந்து உட்காரும். அன்றிரவே யாராவது பதிவுசெய்து மறுநாள் காலை சந்தையில் டிவிடி கிடைக்கும். அதற்குமேல் முதல் காட்சிக்கு யார் வரிசையில் நிற்பார்? படத்தைப் போடமாட்டோம் என்று சங்கம் கூடிச் சொன்னது. கமல் இறங்கி வந்தார். தியேட்டர் ஜனவரி 25, டிடிஎச் அதற்குப் பின் பிப்ரவரி 2 என்று தேதிகள் மாறின. அதற்குள் முஸ்லிம் அமைப்புகளின் எதிர்ப்பு, மாநில அரசின் தடை, உயர்நீதிமன்றம் என்று கதை வேறு பக்கம் திரும்பியது. சொத்துகளையெல்லாம் இந்தப் படத்துக்காக அடகு வைத்திருக்கிறேன் என்று கமல் பத்திரிகையாளர்களிடம் கலங்கிப் பேசியது அந்த நாட்களில்தான். தமிழ்நாட்டில் படம் வெளிவந்தது பிப்ரவரி 7. டிடிஎச் திட்டம் சொன்னபடி நடக்கவேயில்லை.

அந்தத் தடையைப் பற்றி நிறைய எழுதப்பட்டுவிட்டது. இந்தத் தொடருக்கு முக்கியமானது வேறொன்று. படத்துக்கும் பார்ப்பவருக்கும் நடுவில் நிற்பவரைத் தாண்டி நேராக வீட்டுக்குப் போக ஒரு தமிழ்த் தயாரிப்பாளர் முயன்றார். அதை நிறுத்தும் பலம் அன்று தியேட்டருக்கு இருந்தது.

தியேட்டர்காரர்கள் ஏன் அவ்வளவு மிரண்டார்கள் என்று புரிய, பங்கு பிரிக்கும் முறையைத் தெரிந்துகொள்ள வேண்டும். முதல் வாரத்தில் வசூலின் பெரும்பங்கு விநியோகஸ்தருக்கு. இரண்டாம் வாரம் அது குறையும், மூன்றாம் வாரம் இன்னும் குறையும். வாரம் ஏற ஏற தியேட்டர்காரர் பங்கு கூடும். முதல் வாரக் கூட்டத்தில் அவருக்குக் கிடைப்பது கேன்டீனும் சைக்கிள் ஸ்டாண்டும்தான் என்றே பழைய முதலாளிகள் சொல்வார்கள். படம் நின்று ஓடினால்தான் அவர் கையில் காசு நிற்கும். ஆக, படம் சீக்கிரம் வீட்டுக்கு வருவது என்றால், அவருக்குச் சேரவேண்டிய வாரங்களைத்தான் அது தின்னும். வெள்ளிவிழா மாலைகளுக்குப் பின்னால் இந்த எளிய கணக்கு இருந்தது.

அந்தக் கணக்கை எழுதிய தாளுக்கு டி.சி.ஆர். என்று பெயர். டெய்லி கலெக்‌ஷன் ரிப்போர்ட். பெட்டியோடு விநியோகஸ்தரின் ஆள் ஒருவர் வருவார். அவரை 'ரெப்' என்பார்கள். பஸ் ஸ்டாண்டு பக்கம் ஒரு லாட்ஜில் தங்கிக்கொண்டு நாளுக்கு நான்கு காட்சிக்கும் புக்கிங் அறைக்கு வந்துவிடுவார். வகுப்புவாரியாக டிக்கெட் புத்தகத்தின் தொடக்க எண், காட்சி முடிந்தபோது நின்ற எண், இரண்டுக்கும் உள்ள வித்தியாசம், மொத்த வசூல், அதில் கேளிக்கை வரி, வரி போக நிற்பது. மேனேஜர் ஒரு கையெழுத்து, ரெப் ஒரு கையெழுத்து. இந்தத் தாளில் பொய் இல்லையா என்றால், தாராளமாக இருந்தது. கிழித்த டிக்கெட்டே மறுபடி கவுண்டருக்கு வரும். ஹவுஸ்ஃபுல்லுக்குமேல் போட்ட நாற்காலிகள் எந்தப் புத்தகத்திலும் ஏறாது. ரெப்பையும் சரிக்கட்டிவிடுவதுண்டு. ஆனாலும் இரண்டு தரப்பும் உட்கார்ந்து, தலைகளை எண்ணி, சண்டை போட்டுக் கையெழுத்திட்ட கணக்கு அது. பொய்யைப் பொய் என்று சொல்வதற்கும் ஒரு தாள் இருந்தது.

கமலுக்குப் பின் இதே பாதையில் இறங்கியவர் சேரன். 'ஜேகே எனும் நண்பனின் வாழ்க்கை' படத்துக்குத் தியேட்டர் கிடைக்கவில்லை. வாரத்துக்கு நான்கு ஐந்து படங்கள் வரிசையில் நின்ற காலம் அது. பெரிய நடிகரின் படம் வந்தால் சின்னப் படத்தைத் தூக்கிவிடுவார்கள். 'சினிமா டு ஹோம்' என்று ஒரு நிறுவனம் தொடங்கி, ஊர் ஊராக முகவர்களைப் போட்டு, 2015 மார்ச்சில் படத்தை நேராக டிவிடியாக வெளியிட்டார். திருட்டு டிவிடி விற்பவரின் தள்ளுவண்டிக்கு எதிரே நல்ல டிவிடியைச் சாமானியர் வாங்கும் விலைக்குக் கொண்டுபோய் நிறுத்துவதுதான் அவர் எண்ணம். தியேட்டரே கிடைக்காமல் பெட்டிக்குள் கிடக்கும் நூற்றுக்கணக்கான படங்களுக்கு இது வழியாகும் என்று அவர் நம்பினார். நடக்கவில்லை. படம் வெளிவந்ததுமே திருட்டுப் பிரதியும் வெளிவந்துவிட்டது. போதாததற்கு டிவிடி என்ற பொருளே அப்போது கடைசி மூச்சில் இருந்தது. ஆனால் சேரனின் முயற்சியைத் தோல்விக் கணக்கில் எழுதிவிட்டுக் கடந்துபோக எனக்கு மனமில்லை. விற்றது எத்தனை என்று முகவரிடம் கேட்டால் தெரிந்துவிடும் முறை அது. தயாரித்தவருக்கும் பார்ப்பவருக்கும் நடுவில் இருந்த தூரத்தை அவ்வளவு குறைத்த திட்டம் தமிழில் பிறகு வரவில்லை.

அடுத்த இரண்டு மூன்று ஆண்டுகளில் நடந்தது எல்லோருக்கும் தெரியும். 2015-ல் ஹாட்ஸ்டார், 2016 ஜனவரியில் நெட்ஃபிளிக்ஸ், அதே ஆண்டு செப்டம்பரில் ஜியோ, டிசம்பரில் அமேசான் பிரைம் வீடியோ. டேட்டா விலை தரைக்கு வந்தது. கல்லூரி மாணவர் கையில் இருந்த போன் ஒரு கொட்டகையாகிவிட்டது.

இதற்கு நடுவில் 2018-ன் வேலைநிறுத்தம் வந்தது. மார்ச் 1 முதல் புதுப்படம் வெளியிடுவதில்லை என்று விஷால் தலைவராக இருந்த தயாரிப்பாளர் சங்கம் முடிவெடுத்தது. பிரச்சினை வி.பி.எஃப். எனப்படும் கட்டணம். டிஜிட்டல் புரொஜெக்டரும் சர்வரும் தியேட்டரில் வைத்த செலவை ஈடுகட்ட, படம் திரையிடும் ஒவ்வொரு திரைக்கும் தயாரிப்பாளர் தரப்பு கட்டவேண்டிய தொகை அது. பிரிண்ட் ஒன்றுக்கு ஐம்பதாயிரம் அறுபதாயிரம் செலவழித்த காலத்தில் இது லாபமாகவே பட்டது. ஆனால் கருவியின் விலை எப்போதோ அடைந்த பிறகும் கட்டணம் நிற்கவில்லை. இன்னும் எத்தனை ஆண்டு கட்டுவது என்பதே கேள்வி. ஒன்றரை மாதத்துக்கு மேல் தமிழ்நாட்டில் புதுப்படம் இல்லை. ஏப்ரல் 17-ல் செய்தித்துறை அமைச்சர் கடம்பூர் ராஜு முன்னிலையில் பேசி முடித்தார்கள். ஏப்ரல் 20 அன்று கார்த்திக் சுப்பராஜின் 'மெர்க்குரி' வெளிவந்தது. வசனமே இல்லாத படம்.

அந்தப் பேச்சுவார்த்தையில் தயாரிப்பாளர்கள் அழுத்திக் கேட்டவற்றில் ஒன்று, எல்லாத் தியேட்டரிலும் கணினிவழி டிக்கெட் வேண்டும் என்பது. டி.சி.ஆரில் காலகாலமாக இருந்த ஓட்டையை அடைக்க வேண்டும், எத்தனை பேர் பார்த்தார்கள் என்பது எங்களுக்கு நேராகத் தெரியவேண்டும் என்றார்கள். தியேட்டர் தரப்பும் ஒப்புக்கொண்டது. இதை மனதில் வைத்துக்கொண்டு 2020-க்குப் போவோம்.

மார்ச் நடுவில் கொரோனாவால் தியேட்டர்கள் மூடப்பட்டன. முடிந்து கிடந்த படங்களின் மேல் வட்டி ஏறிக்கொண்டே இருந்தது. தமிழ்ப் படம் பெரும்பாலும் ஃபைனான்சியர் பணத்தில் எடுக்கப்படுவது; மாத வட்டிக்கு ஊரடங்கு கிடையாது. ஏப்ரல் கடைசியில் செய்தி வந்தது: சூர்யாவின் 2டி நிறுவனம் தயாரித்து ஜோதிகா நடித்த 'பொன்மகள் வந்தாள்' தியேட்டருக்கு வராமல் நேராக அமேசானுக்குப் போகிறது. தியேட்டர் உரிமையாளர் சங்கச் செயலாளர் பன்னீர்செல்வம், இனி அந்த நிறுவனத்தின் படங்களைத் திரையிடமாட்டோம் என்று வீடியோவில் சொன்னார். 2013-ல் வேலைசெய்த அதே ஆயுதம். இம்முறை செல்லவில்லை. திரையிடமாட்டோம் என்று சொல்ல, திறந்திருக்கும் தியேட்டர் வேண்டுமே! பணம் போட்டவன் விருப்பப்பட்ட இடத்தில் விற்கலாம் என்று தயாரிப்பாளர்கள் பலர் சேர்ந்து அறிக்கை விட்டார்கள். மே 29 அன்று படம் வீட்டுக்கு வந்தது. ஜூன் 19-ல் கீர்த்தி சுரேஷின் 'பெண்குயின்' வந்தது.

இரண்டுமே நடுத்தரப் படங்கள். நிஜமான அதிர்ச்சி ஆகஸ்டில். சூர்யா நடித்து சுதா கொங்கரா இயக்கிய 'சூரரைப் போற்று' அமேசானுக்கு விற்கப்பட்டது. விற்ற பணத்திலிருந்து திரைத் தொழிலாளர்களுக்கும் கொரோனா முன்களப் பணியாளர்களுக்கும் 5 கோடி தருவதாகச் சூர்யா அறிவித்தார். அவரை வைத்துப் பல படங்கள் எடுத்த இயக்குநர் ஹரி, முடிவை மாற்றிக்கொள்ளும்படி பகிரங்கமாக ஒரு கடிதம் எழுதினார். ரசிகர்களின் கைதட்டலில் வளர்ந்த நாம் அந்தக் கொட்டகையை விட்டுவிடலாமா என்பதே அதன் சாரம். இரண்டு பேருமே மனதறிந்து பேசியவர்கள். இரண்டு பக்கமும் நியாயம் இருந்தது. தியேட்டருக்காகக் காத்திருந்தால் எத்தனை மாதம் என்று அன்று யாராலும் சொல்ல முடியவில்லை. ஓடாத தியேட்டருக்கும் மின்கட்டணம், சொத்துவரி, ஆபரேட்டர் சம்பளம் என்று செலவு வந்துகொண்டிருந்தது. தண்டையார்பேட்டையில் 1967-லிருந்து இருந்த அகஸ்தியா தியேட்டர் அந்த ஆண்டுதான் நிரந்தரமாக மூடப்பட்டது.

தமிழ்நாட்டில் தியேட்டர்கள் பாதி இருக்கைகளோடு திறந்தது நவம்பர் 10. 'சூரரைப் போற்று' அமேசானில் வந்தது நவம்பர் 12. நவம்பர் 14 தீபாவளி. அன்று நயன்தாராவின் 'மூக்குத்தி அம்மன்' ஹாட்ஸ்டாரில். ஆக, தியேட்டர் திறந்திருந்தும் தீபாவளியின் இரண்டு பெரிய படங்களும் வீட்டில் ஓடின. தீபாவளி ரிலீஸ் என்பது எண்ணெய்க் குளியலோடும் புதுத்துணியோடும் சேர்ந்த சடங்காக இருந்த நாட்டில் இது நடந்தது. திறந்த தியேட்டருக்குப் புதுப்படம் கொடுப்பதா என்பதிலும் வி.பி.எஃப். சண்டை மறுபடி எழுந்து, டிஜிட்டல் நிறுவனங்கள் தற்காலிகமாக அந்தக் கட்டணத்தை விட்டுக்கொடுத்த பிறகே இரண்டொரு படங்கள் திரைக்கு வந்தன.

என்ன கிடைத்தது என்பதையும் சொல்லியாக வேண்டும். வீட்டுத்திரைக்கு மட்டுமே வந்த 'சூரரைப் போற்று' 2022-ல் அறிவிக்கப்பட்ட 68-வது தேசிய விருதுகளில் சிறந்த படம், சிறந்த நடிகர், சிறந்த நடிகை உட்பட ஐந்து விருதுகளை வாங்கியது. பா. இரஞ்சித்தின் 'சார்பட்டா பரம்பரை' 2021 ஜூலையில் வந்தபோது வடசென்னைக் குத்துச்சண்டைப் பரம்பரைகளைப் பற்றித் தமிழ் தெரியாதவர்களும் பேசினார்கள். 'ஜெய் பீம்' அதே ஆண்டு நவம்பரில் இருளர் மக்களின் மேல் நடந்த காவல் கொடுமையை இந்தியா முழுவதும் பேசவைத்தது. டொரண்டோவிலும் பாரிஸிலும் ஈழத்தமிழர் மளிகைக் கடைகளில் கேசட்டும் டிவிடியும் வாடகைக்கு எடுத்துப் பழகியவர்கள், சென்னைக்காரர் பார்க்கும் அதே நிமிடத்தில், நல்ல படத்தரத்தில் பார்த்தார்கள். இது சின்ன விஷயமில்லை.

ஆனால் கமலும் சேரனும் போக நினைத்த இடத்துக்கு நாம் வந்து சேரவில்லை. அவர்கள் நடுவில் இருந்தவரை விலக்கப் பார்த்தார்கள். 2020-ல் நடந்தது, நடுவில் இருந்தவர் மாறியது மட்டுமே. கமலின் ஆயிரம் ரூபாயை எத்தனை வீடுகள் கட்டின என்பது கணக்கில் ஏறியிருக்கும். இப்போது பார்ப்பவர் கட்டுவது ஆண்டுச் சந்தா. அது எந்தப் படத்துக்கும் உரிய பணம் இல்லை. தயாரிப்பாளர் வாங்குவது மொத்தமாக ஒரு தொகை. படம் ஒரு லட்சம் பேர் பார்த்தாலும் ஒரு கோடிப் பேர் பார்த்தாலும் அது மாறாது. எத்தனை பேர் பார்த்தார்கள், எந்த ஊரில், எந்த இடத்தில் நிறுத்திவிட்டுப் போனார்கள் என்பதெல்லாம் நிறுவனத்தின் கணினியில் இருக்கிறது; அங்கே ரெப் கிடையாது, அவர் போட வேண்டிய கையெழுத்தும் கிடையாது. இரண்டே ஆண்டுகளுக்கு முன் ஒவ்வொரு டிக்கெட்டும் கணினியில் தெரியவேண்டும் என்று ஒன்றரை மாதம் படமே வெளியிடாமல் இருந்தவர்கள், ஒரு எண்ணும் கேட்காமல் கையெழுத்திட்டார்கள். அந்த மாதங்களின் நெருக்கடியில் அவர்களைக் குறைசொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஆனால் நெருக்கடி போன பிறகும் அதுவே வழக்கமாகிவிட்டது என்பதுதான் வருத்தம்.

தியேட்டர் செத்துவிடும் என்று சொன்னவர்களுக்குப் பதில் 2021 ஜனவரி 13-ல் வந்தது. விஜய்யின் 'மாஸ்டர்' தயாரிப்பாளர்கள், அமேசான் போன்ற ஓடிடி நிறுவனங்கள் கேட்டும் கொடுக்காமல் பொங்கல் வரை காத்திருந்தார்கள். பாதி இருக்கைதான் அனுமதி என்றாலும் கூட்டம் திரண்டது. ஆனால் அதே மாதம் 29-ஆம் தேதி படம் அமேசானிலும் வந்துவிட்டது. பதினாறே நாள். மூன்றாவது வாரம், அதாவது தியேட்டர்காரர் பங்கு கூடத் தொடங்கும் நேரம்! இதற்குப் பிறகு நடந்த சச்சரவில்தான் தமிழ்ப் படத்துக்கு நான்கு வார இடைவெளி என்ற நடைமுறை நிலைபெற்றது. வட இந்திய மல்டிபிளக்ஸ் சங்கிலிகள் எட்டு வாரம் கேட்கின்றன. 2023-ல் 'லியோ'வின் இந்திப் பதிப்பு அந்தத் தியேட்டர்களில் வராமல் போனதற்கு அதுவே காரணம்.

இந்த நான்கு வாரத்தையும் உண்மையில் முடிவுசெய்பவர் யார்? ஓடிடி நிறுவனத்துக்குத் தன் மாதப் பட்டியலில் எந்த வாரம் காலியோ, அதிலிருந்து பின்னால் எண்ணித் தியேட்டர் தேதி வைக்கப்படுகிறது என்று தயாரிப்பாளர்களே மேடையில் பேசுகிறார்கள். பொங்கலும் தீபாவளியும் குறித்த தேதியை வேறொரு காலண்டர் குறிக்கிறது. 2023-க்குப் பிறகு நிறுவனங்கள் வாங்குவதைக் குறைத்துக்கொண்டபோது முதலில் அடிபட்டது சின்னப் படங்கள். சேரன் எந்தப் படங்களுக்காக டிவிடியைத் தூக்கிக்கொண்டு ஊர் சுற்றினாரோ, அதே படங்கள். ஓடிடி வாங்கவில்லை என்றால் ஃபைனான்சியர் பணம் போடத் தயங்குகிறார். ஏன் வாங்கவில்லை என்று கேட்டால், உங்கள் மாதிரிப் படங்களைப் பார்ப்பவர் குறைவு என்று பதில் வருகிறது. குறைவு என்றால் எவ்வளவு? அதைச் சரிபார்க்கத் தயாரிப்பாளர் கையில் ஒன்றுமில்லை.

கணக்குக் கொடுக்கவே முடியாது என்பதும் இல்லை. நெட்ஃபிளிக்ஸ் 2023 டிசம்பரிலிருந்து ஆறு மாதத்துக்கு ஒருமுறை எந்தப் படம் எத்தனை மணிநேரம் பார்க்கப்பட்டது என்று வெளியிடுகிறது. அதே ஆண்டு அமெரிக்கத் திரை எழுத்தாளர்கள் 148 நாள் வேலைநிறுத்தம் செய்து, தங்கள் படைப்புகள் ஓடிய மணிநேரக் கணக்கைத் தங்கள் சங்கத்துக்குத் தரவேண்டும் என்று ஒப்பந்தத்தில் எழுதி வாங்கினார்கள். பொதுவெளியில் சொல்லக்கூடாது என்ற நிபந்தனையோடுதான் என்றாலும் வாங்கிவிட்டார்கள். தமிழ்த் தயாரிப்பாளர்களுக்குச் சங்கம் இருக்கிறது, 2018-ல் ஒற்றுமையாய் நின்று கணினி டிக்கெட்டைக் கேட்டு வாங்கிய அனுபவம் இருக்கிறது. அடுத்த ஓடிடி ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும்முன், எத்தனை பேர் பார்த்தார்கள் என்ற எண்ணைத் தயாரிப்பாளருக்குத் தரவேண்டும் என்று ஒரு வரி சேர்க்கச் சொல்லிக் கேளுங்கள். தனியாகக் கேட்டால் கொடுக்கமாட்டார்கள், சங்கமாகக் கேளுங்கள்.

(தொடரும்)